யாரு அழுதா?

கல்லை நான் எறிந்தேன். 1991 மார்கழி, எனக்குப் பன்னிரண்டு வயது, சபரிமலைக்கு முதல்தடவை மாலை போட்ட கன்னிச்சாமி. அழுதா ஆற்றில் மூக்கைப் பிடித்துக்கொண்டு முங்கி, அடியில் துழாவிக் கைக்கு அகப்பட்டதை எடுத்தேன். கோழி முட்டையைவிடக் கொஞ்சம் பெரிது, ஒரு பக்கம் தட்டை. அதைக் கறுப்பு டவுசர்ப் பையில் போட்டுக்கொண்டு அழுதா மேடு முழுக்க ஏறினேன். அடி எடுத்து வைக்கும்போதெல்லாம் தொடையில் இடித்துக்கொண்டே வந்தது. கன்னிகள் கல்லைப் போடுகிற கல்லிடுங்குன்றுக்குப் போய் நின்றதும் பக்கத்து வீட்டுப் பையன், அவனும் கன்னிதான், "யாருது தூரமாப் போகுதுன்னு பாப்பமா சாமி?" என்றான். மாலை போட்டிருந்ததால் சாமி. இல்லையென்றால் வேறு வார்த்தை வந்திருக்கும். குருசாமி பின்னாலிருந்து "சரணம் சொல்லிப் போடுங்க" என்று கத்துவதற்குள் எறிந்துவிட்டோம். என்னுடையது குவியலின் உச்சிக்குப் பக்கத்தில் பட்டு, 'ணங்' என்று தெறித்து, அந்தப் பக்கம் போய் விழுந்தது. அவனுடையது பாதியிலேயே விழுந்துவிட்டது. பதினெட்டாம் படி ஏறியதுகூட மங்கலாகத்தான் ஞாபகம் இருக்கிறது. அந்த 'ணங்' மட்டும் அப்படியே காதில் இருக்கிறது.

இருபத்தெட்டு வருஷம் அந்தச் சத்தத்தால் எனக்கு ஒரு தொந்தரவும் இல்லை. நடுவில் வேலை, கல்யாணம் என்று சில வருஷம் விட்டுப்போனாலும் மலைக்குப் போவதை நான் நிறுத்தவில்லை. குருசாமிக்குத் தொண்டை கட்டிக்கொள்ளும் வருஷங்களில் அழுதாக் கரையில் கன்னிச்சாமிகளை உட்காரவைத்துக் கதை சொல்லும் வேலை எனக்கு வந்துவிடும். நன்றாகவே சொல்வேன், கைதட்டுகூட வாங்கியிருக்கிறேன். 2019-ல் அம்மா எங்களோடு வந்தாள். அதற்கப்புறம் அந்தக் கதையைப் பழையபடி என்னால் சொல்ல முடியவில்லை. நடந்ததை நண்பர்களிடம் சொல்லிப் பார்த்தேன். ஒருவர் "பெண்ணிய வாசிப்பு, அருமை" என்றார். இன்னொருவர் "ஆச்சாரத்துல கைவைக்காதீங்க" என்றார். அம்மா செய்ததற்கும் இவர்கள் சொன்னதற்கும் ஒரு சம்பந்தமும் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. அதனால்தான் எழுதிப் பார்க்கிறேன்.

மாலை போடாத விரதம்

எங்கள் ஊர் கம்பம் பள்ளத்தாக்கில் இருக்கிறது. கார்த்திகை பிறந்துவிட்டால் குமுளிக்குப் போகிற ரோட்டில் ராத்திரி முழுக்கச் சரணச் சத்தம்தான். மலையேறி, வண்டிப்பெரியாறு, முண்டக்கயம் தாண்டினால் எருமேலி. எங்களுக்குக் கேரளா என்றால் ஐயப்பன். அம்மாவுக்குக் கேரளா என்றால் ஏலத்தோட்டம். விடியக்காலை ஜீப்பில் பதினைந்து பேரோடு நெருக்கியடித்துக்கொண்டு மலையேறி, நாள் முழுக்கக் குனிந்து ஏலக்காய் எடுத்துவிட்டு, இருட்டுகிற நேரத்துக்கு இறங்குவாள். அட்டைக்கடி, மழை, கங்காணியின் ஏச்சு எல்லாம் அவளுக்கு அத்துப்படி. மலையைப் பற்றி அவளுக்குப் பக்தியாக எதுவும் இருந்து நான் பார்த்ததில்லை.

அப்பா பதினாறு வருஷம் மாலை போட்டார். பிறகு நான். இரண்டு பேர் விரதத்துக்கும் சமைத்தவள் அம்மாதான். நாலு மணிக்குத் தலைக்கு ஊற்றிக்கொண்டு ஈரப்புடவையோடு அடுப்படிக்குப் போவாள். வெங்காயம், பூண்டு இல்லாமல் நாற்பத்தொரு நாளும் குழம்பு. வீட்டுக்குத் தூரமான நாட்களில் எதிர்த்தெருவிலிருக்கும் பெரியம்மா வீட்டுத் திண்ணையில் போய்ப் படுத்துக்கொண்டு, அங்கிருந்தே "சாமி சாப்பிட்டுச்சா?" என்று ஆள் மேல் ஆள் விட்டுக் கேட்பாள். விரதம் எங்களுக்கு என்றால் அவளுக்கும் அதே நாள், அதே குளியல், அதே பத்தியம். கழுத்தில் மாலை மட்டும் கிடையாது. என்னை 'சாமி, சாமி' என்று பன்மையில் கூப்பிட்டவள், மாலையைக் கழற்றிய மறுநாள் காலையில் "எருமை, எந்திரி" என்பாள். அந்த எருமைக்கும் இந்தக் கட்டுரைக்கும் உள்ள சம்பந்தம் எனக்கு ரொம்பப் பிந்தித்தான் உறைத்தது.

எல்லா வயதுப் பெண்களும் சபரிமலைக்குப் போகலாம் என்று 2018 செப்டம்பரில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்து ஊரே இரண்டுபட்டுப் பேசியபோது அம்மா வாயே திறக்கவில்லை. ரொம்ப வற்புறுத்தியதும், "எனக்குத்தான் வயசாயிருச்சே, கோர்ட்டு எதுக்கு? போகணும்னா போக வேண்டியதுதான்" என்றாள். பேச்சுவாக்கில் சொன்னதாக நினைத்தேன். அடுத்த வருஷம் கார்த்திகை ஒன்றாம் தேதி கோயிலில் வந்து நின்றுவிட்டாள், அறுபத்தொரு வயதில் கன்னி. பம்பை வரைக்கும் வண்டியில் போகலாம் என்று குருசாமி சொன்னதற்கு, "நடந்து போறதுக்குத்தான சாமி மாலை போட்டது" என்று முடித்துவிட்டாள். அவள் காலைப் பற்றி எங்கள் யாருக்கும் கவலையில்லை. என் காலைப் பற்றித்தான் கவலை. எனக்கு வந்த ஒரே சங்கடம், மாலை போட்ட பெண்களைக் கூப்பிடுகிற மாதிரி அம்மாவை 'மாளிகைபுறம்' என்று கூப்பிட வேண்டியிருந்ததுதான். "மாளிகைபுறம், டீ குடிக்கிறீங்களா?" என்று முதல்தடவை கேட்டபோது இருவருக்கும் சிரிப்பு தாங்கவில்லை.

அழுதாக் கரையில்

எருமேலியில் பேட்டை துள்ளல். முகமெல்லாம் வர்ணம், கையில் இலைக்கொத்து, 'சாமி திந்தக்கத் தோம்'. கன்னிகள் மேலே சரங்குத்தி என்கிற இடத்தில் குத்த வேண்டிய சரக்கோலும் அங்கேதான் வாங்கினோம். எருமைத் தலை கொண்ட மகிஷியை மணிகண்டன் கொன்ற கொண்டாட்டம் அது. எருமைக்கொல்லிதான் எருமேலியாயிற்று என்பார்கள். அங்கிருந்து பேரூர்த்தோடு தாண்டி, காளைகட்டி தாண்டி அழுதாவுக்கு வந்தோம். காளைகட்டியில் சிவன் தன் காளையைக் கட்டிவிட்டு நின்று, மகிஷியின் உடம்பின் மேல் மணிகண்டன் ஆடிய ஆட்டத்தைப் பார்த்தாராம்.

அன்றைக்கும் குருசாமிக்குத் தொண்டை சரியில்லை. எட்டுக் கன்னிகள், அதில் அம்மா ஒருத்தி. ஈரத்துணியோடு உட்கார்ந்திருந்தார்கள், ஒவ்வொருவர் கையிலும் ஒரு கல். நான் ஆரம்பித்தேன். மேலுலகத்திலிருந்து மணிகண்டன் தூக்கி எறிந்ததில் மகிஷி இந்த ஆற்றங்கரையில் வந்து விழுந்தாள். அவள் மேல் ஏறி ஆடினார். சாபம் தீர்ந்து உள்ளேயிருந்து அழகான பெண்ணொருத்தி வந்தாள். என்னைக் கட்டிக்கொள் என்றாள். நான் பிரம்மச்சாரி, என்னைப் பார்க்கக் கன்னிச்சாமி ஒருவர்கூட வராத வருஷம் வரட்டும், அப்போது கட்டிக்கொள்கிறேன் என்றார். அவள்தான் சந்நிதானத்துக்குப் பக்கத்தில் மாளிகைபுறத்தம்மனாகக் காத்திருக்கிறாள். இங்கே விழுந்த உடம்போ வளர்ந்துகொண்டே போயிற்று. அது எழும்பாமல் இருக்கத்தான் மேலே குன்றில் கல்லைப் போடுகிறோம். இந்த இடத்தில் வழக்கமாக நான் ஒரு நிறுத்தம் கொடுப்பேன். சின்னப் பையன்கள் கையிலிருக்கும் கல்லை ஒருமுறை பார்த்துக்கொள்வார்கள்.

அம்மா அந்த நிறுத்தத்துக்குள் நுழைந்துவிட்டாள். "அழுதா அழுதாங்கிறாங்களே, யாரு அழுதா?"

மலையாளத்தில் அது ஆற்றின் பேர், அவ்வளவுதான். தமிழ்க் காதில் அது வேறு மாதிரி விழுகிறது. மகிஷியின் கண்ணீர்தான் ஆறாக ஓடுகிறது என்று சொல்வதை நானும் கேட்டிருக்கிறேன். அதையே சொன்னேன்.

"எதுக்கு அழுதா?"

"செஞ்ச பாவத்தை நெனச்சு."

"சாபம் தீந்துருச்சுன்னு சொன்னீங்க?"

"ஆமா."

"வெளிய வந்த புள்ளதான் மேல மாளிகைபுறத்தம்மனா உக்காந்திருக்குன்னும் சொன்னீங்க?"

"ஆமா மாளிகைபுறம்."

கல்லை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றிக்கொண்டாள். "அப்ப இந்தக் கல்ல யாரு மேல போடச் சொல்றீங்க சாமி?"

பையன்கள் சிரித்தார்கள். நானும் சிரித்துச் சமாளித்தேன். குருசாமி கமறலோடு, "மகிஷி வெளிய இல்ல, நமக்குள்ள இருக்குற ஆணவந்தான் மகிஷி. அதைப் போட்டுட்டுப் போறோம்" என்றார். இது எல்லாக் குருசாமிகளும் சொல்வதுதான், நானும் சொல்லியிருக்கிறேன். அன்றைக்கு ஏனோ அது எனக்கு ரொம்ப வசதியான பதிலாகப் பட்டது. எல்லாவற்றையும் உள்ளே தள்ளிவிட்டால் வெளியே கிடப்பவளுக்குப் பதில் சொல்ல வேண்டியதில்லை. அம்மா பெரியவர் பேச்சுக்கு மறுபேச்சுப் பேசுகிறவள் இல்லை. "சரிங்க சாமி" என்று எழுந்துவிட்டாள்.

மேடு ஏறும்போதுதான் எனக்குக் கணக்குப் போடத் தோன்றியது. கன்னிச்சாமி வழிநெடுகச் செய்கிற காரியங்களை வரிசையாக எடுத்துக்கொள்ளுங்கள். எருமேலியில் அவள் செத்ததற்கு ஆடுகிறான். அழுதாவில் அவள் எழும்பாமல் இருக்கக் கல் எடுக்கிறான். சரங்குத்தியில் 'இந்த வருஷமும் நான் வந்திருக்கிறேன், உனக்குக் கல்யாணம் இல்லை' என்று கோலைக் குத்துகிறான். மகரவிளக்குச் சமயத்தில் மாளிகைபுறத்தம்மன் யானை மேல் சரங்குத்தி வரை போய்ப் பார்த்துவிட்டு, குத்தியிருக்கிற சரங்களைக் கண்டு மேளம் இல்லாமல் திரும்பிவிடுவாள். இத்தனையும் ஒரே பெண்ணின் விஷயம். ஒருமுறைகூட நான் அதை ஒன்றாகச் சேர்த்துப் பார்த்ததில்லை. தனித்தனிக் கதையாகச் சொல்லியிருக்கிறேன், தனித்தனியாகக் கைதட்டு வாங்கியிருக்கிறேன்.

அழுதா மேடு செங்குத்து. மரவேர்தான் படி. நான் நாலு இடத்தில் நின்று மூச்சு வாங்கினேன். அம்மா தலையில் இருமுடியை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, இன்னொரு கையில் கல்லை வைத்துக்கொண்டு, ஏலத்தோட்டத்தில் ஏறுகிற அதே சாய்வில் ஏறிக்கொண்டிருந்தாள். கல்லைத் தோள்பையில் போட்டுக்கொள்ளுங்கள் என்று இரண்டு தடவை சொன்னேன். "இருக்கட்டும்" என்றாள்.

குன்றில் நல்ல கூட்டம். ஆந்திராவிலிருந்து வந்த பெரிய குழு ஒன்று எங்களுக்கு முன்னால். சரணம் சொல்வதும் கல் விழுவதுமாக இருந்தது. எங்கள் பையன்களும் போய்ப் போட்டார்கள். அம்மா வரிசையில் நிற்கவில்லை. குவியலின் ஓரமாகச் சுற்றிக்கொண்டு போய், ஒரு மரத்தின் வேர் மேடிட்டிருந்த இடத்தில் குந்தினாள். சருகை முதலில் காலால் தள்ளினாள், பிறகு கையால் வழித்தாள். ஈர மண் தெரிந்ததும் விரலால் சின்னதாக ஒரு பள்ளம் பறித்து, கல்லை அதில் நிமிர்த்தி வைத்தாள். தட்டையான பக்கம் முன்னால் வருகிற மாதிரி ஒருமுறை திருப்பினாள். ஆடிற்று. இரண்டு சில்லுக்கற்களைப் பொறுக்கி இரண்டு பக்கமும் சொருகி, கட்டைவிரலால் அழுத்திப் பார்த்தாள். நின்றது. தோள்பையிலிருந்து ஒரு பிளாஸ்டிக் பொட்டலம், அதில் மஞ்சள்பொடி. உள்ளங்கையில் கொட்டி, பாட்டில் தண்ணீர் நாலு சொட்டு விட்டுக் குழைத்து, மூன்று விரலால் கல்லின் நெற்றியில் இழுத்துவிட்டாள். மிச்ச மஞ்சளைத் தன் தாலிக்கயிற்றில் துடைத்துக்கொண்டாள். அப்பா போய் நாலு வருஷம் ஆகியிருந்தது. அந்தக் கயிற்றை அவள் கழற்றாததைப் பற்றி வீட்டில் யாரும் பேசுவதில்லை.

எழுந்து, இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்று, "போகலாம் சாமி" என்றாள். மொத்தமும் இரண்டு நிமிஷம் இருக்காது.

நான் வாயைத் திறப்பதற்குள், காதோரம் எருமேலி வர்ணம் இன்னும் போகாத ஒரு தெலுங்குப் பையன் எங்களைத் தாண்டிப் போனான். மஞ்சள் பூசிய கல்லைப் பார்த்தான். குவியலைப் பார்த்தான். பிறகு தன் கல்லைக் கொண்டுபோய் அம்மாவின் கல்லுக்குப் பக்கத்தில் வைத்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டான். அவனுக்குப் பின்னால் வந்தவர் இதுதான் இடம் என்று நினைத்துத் தானும் வைத்தார். நாங்கள் இருமுடியைச் சரிசெய்துகொண்டு கிளம்புகையில் அங்கே ஐந்து கல். யாரோ கற்பூரம் தேடிக்கொண்டிருந்தார்கள்.

மேலே வைப்பதும் அவளாக வைப்பதும்

குருசாமி பார்த்துவிட்டார். கரிமலைத் தோடு வரைக்கும் ஒன்றும் பேசவில்லை. அங்கே காலை நனைத்துக்கொண்டு உட்கார்ந்தபோது ஆரம்பித்தார். அவர் பதினெட்டு வருஷம் முடித்துச் சந்நிதானத்தில் தென்னங்கன்று நட்டவர். எங்கள் ஊரில் அவர் சொன்னால் சொன்னதுதான். "மாளிகைபுறம் செஞ்சது வழக்கத்துல இல்லாதது. கன்னி கல்லுப் போடலேன்னா யாத்திரை கொறை."

"போடலேன்னு யாரு சொன்னா சாமி? அங்கதான வெச்சுட்டு வந்தேன்."

"மஞ்சள்?"

"பையில இருந்தது. முடியத் தொடல."

அவர் கேட்க வந்தது அது இல்லை என்று இருவருக்குமே தெரியும். இருமுடியைப் பிரிக்கவில்லை என்பது சட்டப்படி சரியான பதில். அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்துவிட்டார்.

அன்று ராத்திரி வலியானவட்டத்தில் தங்கினோம். விறகுப் புகை, பக்கத்து விரிக் கொட்டகையில் இருமல், தூரத்தில் யானை வெடி. கொஞ்ச நேரம் பேசாமல் கிடந்துவிட்டு, ஏன் அப்படிச் செய்தாய் என்று கேட்டேன். ராத்திரியில் மாளிகைபுறமெல்லாம் வரவில்லை, அம்மா என்றே கேட்டேன். அவளும் சாமியை விட்டுவிட்டாள். "நம்ம வீட்டுக் கன்னிக்கு என்னடா வெச்சிருக்கோம்?" என்றாள்.

எங்கள் பக்கத்து ஆட்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. கல்யாணம் ஆகாமல் செத்துப்போன பெண்பிள்ளை அந்த வீட்டுக்குக் கன்னி. ஓலைப்பெட்டியில் சின்னச் சேலை, வளையல், சீப்பு, கண்ணாடி. வருஷத்துக்கு ஒருநாள் எடுத்து வைத்துப் பச்சரிசிமாவு இடித்துக் கும்பிடுவது. அம்மாவின் பிறந்தவீட்டுக் கன்னி அவளுடைய பாட்டிக்குத் தங்கை. பதினாலு வயதில் கிணற்றில் விழுந்தாள் என்பார்கள். விழுந்தாளா என்று யாரும் கேட்பதில்லை. தோட்டத்து வேப்பமரத்தடியில் அவளுக்கு ஒரு கல் உண்டு.

"அந்தக் கல்ல அவ மேலயா வெச்சோம்? அவளா வெச்சோம்" என்றாள் அம்மா. கொஞ்ச நேரம் கழித்து, "இவளும் கன்னிதான? கட்டுறேன்னு சொல்லி உக்கார வெச்சிருக்காக. அவ மேல நான் வேற ஒரு கல்லப் போடணுமா" என்று முனகினாள். அடுத்த நிமிஷம் குறட்டை. எனக்குத்தான் தூக்கம் வரவில்லை.

ஊருக்கு வந்தபிறகும் அந்த இரண்டு சொல்லும் என்னை விடவில்லை. கல்லை மேலே வைப்பது, கல்லையே ஆளாக வைப்பது. யோசித்துப் பார்த்தால் நம்மிடம் இரண்டுமே ரொம்பப் பழசு. பாலைநில வழியில் வழிப்பறி செய்யும் ஆறலை கள்வரின் அம்புக்கு விழுந்து செத்த வழிப்போக்கர்களின் மேல் கற்குவியல் இருக்கும். சங்கப் பாட்டுகளில் அதற்குப் பதுக்கை என்று பேர். செத்தவன் யார், எந்த ஊர் என்று எதுவும் கிடையாது. கண்ணில் படாமல் மூடுவது. இன்றைக்கும் அரிசி மூட்டையை மறைத்தால் பதுக்கல் என்கிறோம். இன்னொன்று நடுகல். அது நிற்கும், அதற்குப் பேர் உண்டு, மாலை உண்டு, கள் உண்டு. எங்கள் மாவட்டத்திலேயே ஆண்டிப்பட்டிப் பக்கம் வைகைக் கரையில் புலிமான்கோம்பையில், 2006-ல் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்துக்காரர்கள் தமிழ்ப் பிராமி எழுத்துள்ள நடுகற்களைக் கண்டுபிடித்தார்கள். அதிலொன்று கூடலூர் ஆகோளில், அதாவது மாடு கவர்ந்த சண்டையில், செத்த ஒருவனுக்கு நட்டது. இரண்டாயிரம் வருஷத்துக்கு மேலாக அவன் பேர் நிற்கிறது. அந்தக் கூடலூர் குமுளி அடிவாரத்து எங்கள் கூடலூர்தான் என்று நாங்கள் நம்பிக்கொள்கிறோம். யாராவது மறுத்தால் சண்டைக்குப் போவோம். கல்லிடுங்குன்றில் இருப்பது பதுக்கை. அம்மா அதன் காலடியில் ஒரு நடுகல்லை வைத்துவிட்டு வந்திருக்கிறாள். இதை அவளிடம் சொன்னபோது, "எனக்கு அதெல்லாம் தெரியாது, புளி எங்க வெச்ச?" என்றாள்.

ஹஜ்ஜுக்குப் போய்வந்த உத்தமபாளையத்து நண்பர் ஒருவரிடமும் இதைப் பேசினேன். முஸ்தலிஃபாவில் ராத்திரி டார்ச் அடித்துக் கல் பொறுக்கியதை அவர் சொல்வார், கொண்டைக்கடலை அளவுதான் இருக்க வேண்டுமாம். மினாவில் அதை ஷைத்தானின் மேல் எறிய வேண்டும். முன்னே தூணாக இருந்தவற்றை, நெரிசலில் குறிதவறி எதிர்ப்பக்கத்து ஆள் மேல் படுகிறதென்று, 2004-க்குப் பிறகு நீளமான சுவர்களாக்கிவிட்டார்கள். "அங்க எறியணும் பாய்" என்றார். என்னையும் பாய் என்றுதான் கூப்பிடுவார். "வெச்சுட்டு வந்தா அது வேற. ஷைத்தானுக்கு மஞ்சள் பூச முடியுமா?" நியாயமான கேள்விதான். அங்கே எதிரி யார் என்பதில் குழப்பம் இல்லை. எங்கள் குன்றில் எதிரியே சாபம் தீர்ந்து, தெய்வமாகி, பக்கத்துக் கோயிலில் உட்கார்ந்திருக்கிறாள். ஒரே பயணத்தில் கீழே அவளுக்குக் கல், மேலே அவளுக்கு மஞ்சள். இந்தப் பிசகை அத்தனை வருஷமும் நாங்கள் யாரும் பிசகாகவே பார்க்கவில்லை.

இன்னொன்றும் தோன்றும். அந்த மலையில் கல்லெல்லாம் கொஞ்சம் கொஞ்சமாக உலோகமாகிவிட்டது. 1950 தீ விபத்துக்குப் பிறகு கற்சிலை போய்ப் பஞ்சலோகச் சிலை வந்தது. பதினெட்டுக் கருங்கல் படிக்கும் 1985-ல் பஞ்சலோகத் தகடு போர்த்தினார்கள். தேங்காய் உடைத்து உடைத்துப் படி தேய்ந்துவிட்டதென்று காரணம் சொல்வார்கள், அதுவும் நியாயம்தான். 'கல்லும் முள்ளும் காலுக்கு மெத்தை' என்று கத்திக்கொண்டு நாம் சிமெண்டுப் பாதையில் ஏறுகிறோம். ஆற்றிலிருந்து எடுத்தபடியே, யாரும் எதுவும் போர்த்தாமல் கல் கல்லாகவே கிடப்பது அவள் மேல்தான்.

அம்மாவைப் பெரிய புரட்சிக்காரியாக்கிவிட வேண்டாம். சரங்குத்தியில் அவளும் சரத்தைக் குத்தினாள். கோலைக் கையில் வைத்துக்கொண்டு என்னைத் திரும்பிப் பார்த்தாள். கூட்டம் முதுகில் கைவைத்துத் தள்ளிக்கொண்டிருந்தது. "என்னடா பண்றது?" என்றாள், குத்திவிட்டு நகர்ந்தாள். பிறகு மாளிகைபுறத்தில் மஞ்சளைத் தூவி, தேங்காய் உருட்டிவிட்டு, சுவரோரமாக நின்று ரொம்ப நேரம் ஏதோ பேசிக்கொண்டிருந்தாள். ஐயப்பன் முன்னால் நிற்கக் கிடைத்தது கண்மூடித் திறக்கும் நேரம்தான். அதைப் பற்றி அவள் குறைப்பட்டுக்கொள்ளவே இல்லை.

மஞ்சள் பொட்டலம்

அடுத்த வருஷம் கொரோனா. எருமேலியிலிருந்து காட்டுக்குள் நடக்கும் பெருவழி மூடிக்கிடந்தது. பம்பை வழியாக மட்டும், முதலில் ஒரு நாளைக்கு ஆயிரம் பேர் என்று கணக்குப் பார்த்து விட்டார்கள். 2021 ஜனவரி 14 சாயங்காலம் நாங்கள் வீட்டில் டி.வி.யில் ஜோதி பார்த்துக்கொண்டிருந்தோம். அம்மா திடீரென்று, "இந்த வருஷமாவது அவளுக்குக் கல்யாணம் ஆயிருக்குமா?" என்றாள். ஆயிரம் பேர் போனாலும் அதில் ஒரு கன்னியாவது இருந்திருப்பான் என்றேன். "ஒருத்தன்கூடவா நிக்கக் கூடாது" என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டாள்.

நான் மறுபடி பெருவழியில் நடந்தது 2022 மார்கழியில். தங்கை மகனுக்குப் பத்து வயது, கன்னி. அம்மாவுக்கு முழங்கால் பிடித்துக்கொண்டதால் வரவில்லை. அழுதாக் கரையில் குருசாமி என்னைக் கதை சொல்லச் சொன்னார். தொண்டை கட்டிக்கொண்டிருக்கிறது என்றேன். அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்துவிட்டுத் தானே சொன்னார். உடம்பு எழும்பாமல் இருக்க என்ற இடம் வந்ததும் கொஞ்சம் தயங்கி, "அதுக்குக் கல்லு வைக்கிறது வழக்கம்" என்று முடித்துக்கொண்டார். போடுவது என்றுதான் எப்போதும் சொல்வார். இது நானாக நினைத்துக்கொள்வதாகவும் இருக்கலாம்.

குன்றில் அந்த மரத்தைத் தேடிப் பிடித்தேன். வேருக்குக் கீழே மண்ணை மழை அரித்திருந்தது. நிறையக் கற்கள். ஒன்றிரண்டு நின்ற மாதிரி இருந்தன, சாய்ந்த மாதிரியும் இருந்தன. மஞ்சள் எதிலும் இல்லை. எது எங்களுடையது என்று தெரியவில்லை. குனிந்து பார்த்துக்கொண்டிருந்தபோது பின்னாலிருந்து மருமகன், "எறியவா சாமி, வைக்கவா?" என்றான். உன் இஷ்டம் என்றேன். இரண்டு அடி பின்னால் போய், நாக்கைக் கடித்துக்கொண்டு, ஓடிவந்து எறிந்தான். 'ணங்'. "பாத்தீங்களா சாமி, எங்க போயி விழுந்துச்சுன்னு!" அவன் முகத்திலிருந்த சந்தோஷத்தைப் பார்த்துவிட்டு என்னால் ஒன்றும் சொல்ல முடியவில்லை. நல்ல வீச்சுதான்.

வீட்டுக்கு வந்து மாலை கழற்றியபின் அம்மா என் தோள்பையைத் தலைகீழாகக் கவிழ்த்தாள். ஈரத்துண்டு, அப்பம், அரவணை டப்பா, மாத்திரை அட்டை. பையின் உள்ஜிப்பில் கைவிட்டு ஒரு பிளாஸ்டிக் பொட்டலத்தை எடுத்தாள். வாய் இறுகக் கட்டி, மேலே நூல் சுற்றியது. நான் அதைப் பார்த்ததே இல்லை. கிளம்புகிற அன்று அவள்தான் வைத்திருக்க வேண்டும், என்னிடம் சொல்லவில்லை. நூலை அவிழ்த்து முகர்ந்து பார்த்தாள். அடுப்படிக்குப் போய் அஞ்சறைப் பெட்டியைத் திறந்து, மஞ்சள்பொடிக் கிண்ணத்தில் கொட்டினாள்.

"நல்ல மஞ்சளு. கொழம்புக்கு ஆகும்."